கையில் ஒரு பி.டி.எப். இருந்தால்

பி.டி.எப். கோப்பைப் புகழ்ந்து ஒரு முழுக் கட்டுரை எழுத என்ன இருக்கிறது என்று கேட்பவர்கள், மாத்தளை மாவட்டத்தில் ஒரு தமிழ்மொழிப் பாடசாலையில் ஒரு தவணை படிப்பித்துப் பார்க்க வேண்டும். இங்கே ஒரு நல்ல தமிழ் நூல் வேண்டுமென்றால் கண்டிக்குப் பஸ் ஏற வேண்டும். அங்கும் கிடைக்காவிட்டால் கொழும்பு. றத்தோட்டைக்கு மேலேயும் எல்கடுவைப் பக்கமும் உள்ள தோட்டங்களில் இருக்கிற பிள்ளைக்கோ, மாத்தளை டவுனுக்கு வந்து போவதே அரை நாள் வேலை. அந்தப் பிள்ளையின் அப்பா வைத்திருக்கிற கண்ணாடி கீறிய போனுக்குள் இன்றைக்குப் பத்து வருடத்துக் கடந்தகால வினாத்தாள்கள் இருக்கின்றன. பாடநூல் முழுவதும் இருக்கிறது. ஆசிரியர் வழிகாட்டியே இருக்கிறது. நக்கிள்ஸ் மலைக்குப் பின்னால் சிக்னல் மறைந்துபோகிற லயத்திலும், ஒருமுறை இறக்கி வைத்தது ராத்திரி பன்னிரண்டு மணிக்கும் திறக்கும். எழுத்து கலையாது, படம் நகராது, பக்கம் மாறாது. எனக்கு இதைவிடப் பெரிய வரம் தெரியாது.

ஆனால் நம் ஆட்களில் பெரும்பாலானோர் பி.டி.எப்.பை வைத்து ஒரே ஒரு காரியம்தான் செய்கிறார்கள். வட்ஸ்அப்பில் வந்ததைத் தட்டித் திறப்பார்கள், விரலால் மேலும் கீழும் தள்ளுவார்கள், கண் வலித்ததும் மூடிவிடுவார்கள். அதற்குள் கைவைக்கலாம் என்பதே பலருக்குத் தெரியாது. தேடலாம், வெட்டலாம், இரண்டை ஒன்றாக்கலாம், ஓரத்தில் குறிப்பு எழுதலாம், கையெழுத்து வைக்கலாம், படமாகக் கிடக்கிற பக்கத்தை எழுத்தாக மாற்றலாம். இவ்வளவும் இலவசமாக! இதையெல்லாம் ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்த நாளில் எல்லாம் ஆசிரியர் அறைக்கு ஓடிப்போய் யாரையாவது பிடித்து உட்கார வைத்துக் காட்டியிருக்கிறேன். இப்போது வாசகரைப் பிடித்திருக்கிறேன்.

இதைப் படைத்தவர்களுக்கு முதலில் ஒரு கும்பிடு. அடோபி நிறுவனத்தை ஆரம்பித்தவர்களில் ஒருவரான ஜான் வார்னாக், 1991இல் 'கேமலாட்' என்ற பெயரில் ஒரு திட்டத்தை எழுதி வைத்தார். எந்தக் கணினியில் தயாரித்த பக்கமானாலும், எந்தக் கணினிக்கு அனுப்பினாலும், எந்த இயந்திரத்தில் அச்சடித்தாலும் அதே பக்கமாக இருக்க வேண்டும் என்பதுதான் அவருடைய ஆசை. 1993இல் அது பி.டி.எப். என்று வெளிவந்தது. 2008இல் அடோபியின் கையை விட்டு, ஐ.எஸ்.ஓ. 32000 என்ற சர்வதேசத் தரமாகவே ஆகிவிட்டது. அதனால்தான் இன்றைக்கு யாருக்கும் காசு கொடுக்காமல் எவரும் பி.டி.எப். திறக்கிற, ஆக்குகிற மென்பொருளை எழுதலாம். வார்னாக் 2023இல் காலமானார். றத்தோட்டைப் பிள்ளைக்கு அவர் பெயர் தெரியாது. அவர் செய்த உபகாரம் மட்டும் அந்தப் பிள்ளையின் கையில் இருக்கிறது.

உள்ளே எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்தபோது எனக்கு இன்னும் பிரியம் கூடியது. பி.டி.எப். பக்கம் ஒரு வரைபடத்தாள் மாதிரி. இடது கீழ் மூலையிலிருந்து அளவு தொடங்குகிறது. ஓர் அங்குலத்துக்கு 72 புள்ளி. ஏ4 தாள் என்றால் அகலம் 595, உயரம் 842. 'இந்த எழுத்தை இந்த இடத்தில் வை' என்று ஒவ்வோர் எழுத்துக்கும் இடம் குறித்து வைத்திருக்கிறது. சொல், வரி, பந்தி என்கிற கவலையெல்லாம் அதற்குக் கிடையாது. எழுத்துருவையும் தனக்குள்ளேயே கட்டிச் சுமந்துவருகிறது. கோப்பின் கடைசியில் ஓர் அட்டவணை. எந்தப் பொருள் எங்கே கிடக்கிறது என்று அதில் இருக்கும். வாசிக்கிற மென்பொருள் முதலில் கோப்பின் அந்தக் கடைசிப் பகுதிக்குத்தான் போகிறது. முந்நூறு பக்க நூலில் 287ஆம் பக்கத்தைக் கேட்டால் கண்மூடித் திறப்பதற்குள் வந்து நிற்பது அதனால்தான். முப்பது வருடத்துக்கு முந்திய யோசனை, இன்றைக்கும் மலிவான போனில் எவ்வளவு அழகாக ஓடுகிறது பாருங்கள்.

சரி, வகுப்பறைக்கு வருவோம். கல்வி வெளியீட்டுத் திணைக்களம் பாடசாலைப் பாடநூல்களைத் தமிழ், சிங்களம், ஆங்கிலம் மூன்றிலும் பி.டி.எப். ஆகவே போட்டிருக்கிறது. மஹரகம தேசிய கல்வி நிறுவகத்தின் ஆசிரியர் வழிகாட்டிகளும் அப்படியே. 2022ஐ யாரும் மறந்திருக்க மாட்டோம். டொலர் இல்லை, கடதாசி இல்லை. மேல் மாகாணத்தில் தவணைப் பரீட்சையையே கடதாசி இல்லாமல் ஒத்திவைத்தார்கள். தி ஐலண்ட், திவயின இரண்டும் சனிக்கிழமை அச்சுப் பதிப்பை நிறுத்தி இணையத்தில் போட்டன. மலைப்பக்கத்துக் கடைகளில் கொப்பி விலை கேட்டுத் தாய்மார் திரும்பிப்போன மாதங்கள் அவை. அந்த மாதங்களில் பிள்ளைகளின் படிப்பை விடாமல் பிடித்து வைத்தது பி.டி.எப். என்று அடித்துச் சொல்வேன்.

அப்போது நான் கற்றுக்கொண்ட முதல் வித்தை, முழுப் புத்தகத்தையும் அனுப்பாமல் வேண்டிய பாடத்தை மட்டும் வெட்டி அனுப்புவது. ஐம்பது எம்.பி. நூலை இறக்கப் பிள்ளையின் டேட்டா கார்ட் போதாது. பன்னிரண்டு பக்கம் ஒரு எம்.பி.க்குள் அடங்கிவிடும். இதற்குத் தனி ஆப்பே தேவையில்லை. அன்ட்ரோயிட் போனில் பி.டி.எப்.பைத் திறந்து, அச்சிடு என்று கொடுங்கள். அச்சு இயந்திரம் தெரிவுசெய்கிற இடத்தில் 'பி.டி.எப். ஆகச் சேமி' என்று ஒன்று இருக்கும். பக்கங்கள் என்ற இடத்தில் 45 முதல் 56 என்று அடியுங்கள். சேமியுங்கள். வேலை முடிந்தது! கணினி இருந்தால் பி.டி.எப். அரேஞ்சர் என்றொரு இலவச மென்பொருள் உண்டு. பக்கங்கள் எல்லாம் சின்னச் சின்னப் படமாக மேசையில் பரப்பி வைத்ததுபோல் தெரியும். இழுத்து இடம் மாற்றலாம், தலைகீழாக இருப்பதைத் திருப்பலாம், இன்னொரு கோப்பிலிருந்து பக்கத்தைக் கொண்டுவந்து நடுவில் செருகலாம். பாடநூலிலிருந்து பாடம், பிறகு அதே அலகிலிருந்து வந்த கடந்தகால வினாக்கள், கடைசியில் என் கைக்குறிப்பு ஒரு பக்கம் என்று ஒரே கோப்பாக்கிக் கொடுத்தால், பிள்ளைகளுக்கு அது அந்த வாரத்துக்கான சொந்தப் புத்தகம்.

ஒரு சின்ன விஷயம், ஆனால் பெரிய நிம்மதி. நூலில் அச்சாகியிருக்கிற பக்க இலக்கமும் கோப்பின் பக்க இலக்கமும் ஒன்றாக இருக்காது. முன்னுரை, பொருளடக்கம், தேசிய கீதம் எல்லாம் சேர்ந்து பத்துப் பன்னிரண்டு பக்கம் தள்ளிவிடும். முதல் தடவையே அந்த வித்தியாசத்தைக் கணக்குப் பார்த்து, கோப்பின் பெயரிலேயே எழுதி வைத்துவிடுகிறேன்: 'வரலாறு தரம் 11, கூட்டு 12'. பிறகு யாரும் தடுமாறுவதில்லை. கோப்புக்குப் பெயர் வைப்பதைப் பற்றியே தனியாக ஒரு கட்டுரை எழுதலாம். 'ஸ்கேன் புதியது இரண்டு' என்ற பெயரில் நூறு கோப்பு வைத்திருப்பவர்களே, உங்களை அன்போடு கேட்டுக்கொள்கிறேன்: வருடம், பாடம், தரம் மூன்றையும் பெயரில் போடுங்கள்.

இனித் தேடல். எனக்கு மெய்சிலிர்க்கிற இடம் இதுதான்.

கணினியில் கன்ட்ரோலும் எப்பும் அழுத்தி ஒரு சொல்லை அடித்தால், முந்நூறு பக்கத்திலும் அந்தச் சொல் இருக்கும் இடமெல்லாம் மஞ்சளாக வரும் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் தமிழில் அடித்தால் பல கோப்புகளில் ஒன்றும் வராது. 'தமிழ் பி.டி.எப்.பில் தேட முடியாது' என்று அதோடு கைவிட்டுவிடுகிறார்கள். முடியும்! பூட்டு எங்கே இருக்கிறது என்று தெரிந்தால் போதும்.

இலங்கையில் நெடுங்காலமாகத் தமிழ்த் தட்டச்சு என்றால் பாமினி எழுத்துருதான். அந்த எழுத்துரு ஆங்கில எழுத்துக்குத் தமிழ் உடை போட்டுவிட்ட மாதிரி. திரையில் தமிழாகத் தெரியும். கோப்புக்குள் இருப்பது ஆங்கில எழுத்து. எங்கள் கணினி அறையில் பதினோராம் தரத்துப் பிள்ளை ஒருத்தி ஒரு பழைய சுற்றறிக்கையைத் திறந்து வைத்துக்கொண்டு முகத்தைச் சுளித்தாள். "டீச்சர், மாத்தளைன்னு அடிச்சா ஒன்னுமே வரமாட்டேங்குது. ஆனா முதல் வரியிலேயே மாத்தளைன்னு இருக்கு டீச்சர்." நான் சொல்லச் சொல்ல அவள் அடித்தாள்: கே, எச், ஜே, ஓர் அரைப்புள்ளி, மறுபடி ஜே, ஐ, எஸ். பார்த்தால் ஏதோ தட்டுக்கெட்ட எழுத்து. என்டரைத் தட்டியதும் பக்கம் பக்கமாக 'மாத்தளை' மஞ்சளாக மலர்ந்தது. "அட, வருது டீச்சர்! எல்லாம் வருது!" அன்றைக்கு அந்த வகுப்பே பாமினி விசைகளை மனப்பாடம் பண்ணத் தொடங்கியது. தமிழ் என்ற சொல்லுக்கு ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி. இதைக் காகிதத்தில் எழுதிச் சுவரில் ஒட்டியும்விட்டார்கள். பாமினியில் இருப்பதை ஒருங்குறிக்கு (யூனிகோட்) மாற்றித் தரும் இலவச மாற்றிகள் இணையத்தில் நிறைய உண்டு. பகுதியைப் பிரதி எடுத்து அதில் ஒட்டினால் நிமிடத்தில் நல்ல தமிழாகிவிடும். பழைய சுற்றறிக்கையை மறுபடி தட்டச்சு செய்கிற வேலையே இல்லை.

ஒருங்குறியில் செய்த கோப்பிலும் சில சமயம் தேடல் சறுக்கும். காரணம், நான் மேலே சொன்ன அந்த வரைபடத்தாள் சங்கதி. 'தோ' என்ற எழுத்தில் கொம்பு முன்னால் தெரிகிறது, கால் பின்னால் தெரிகிறது. கோப்பு அதைக் கண்ணுக்குத் தெரிகிற வரிசையில் மூன்று துண்டாக வைத்திருக்கும். நாம் அடிப்பது ஒரே எழுத்தாக. இரண்டும் பொருந்தாது. ஆகவே 'தோட்டம்' என்று தேடாமல் 'ட்டம்' என்று தேடுங்கள். கொம்பும் காலும் இல்லாத துண்டைப் பிடித்துத் தேடினால் பெரும்பாலும் அகப்படும். 'சட்டம்', 'கூட்டம்' என்று வேறு சிலவும் கூடவே வரும், வரட்டும். இந்த ஒரு தந்திரத்தால் எனக்கு மிச்சமான மணித்தியாலங்களை நினைத்தால் யாருக்கு நன்றி சொல்வதென்றே தெரியவில்லை.

அப்படியும் ஒன்றும் அகப்படாவிட்டால், அந்தப் பக்கம் வெறும் படம். யாரோ ஸ்கேன் பண்ணிப் போட்டது. அதற்கும் வழி இருக்கிறது. கூகுள் டிரைவில் கோப்பை ஏற்றி, அதை கூகுள் டொக்ஸில் திற என்று கொடுங்கள். கொஞ்ச நேரத்தில் மேலே படம், கீழே தமிழ் எழுத்து! படத்தை எழுத்தாக்குகிற இந்த வித்தையைத்தான் ஓ.சி.ஆர். என்கிறார்கள். முதன்முதல் இதைப் பார்த்தபோது நான் கதிரையை விட்டு எழும்பியே விட்டேன். பழைய அச்சு, ஈய எழுத்து, ஓரம் பழுப்பேறிய கடதாசி, இத்தனையையும் தாண்டி வாசித்துவிடுகிறது. 'ண'வையும் 'ன'வையும் சில இடத்தில் குழப்பும், துணையெழுத்தை 'ர' என்று எடுத்துக்கொள்ளும். ஒருமுறை வாசித்துத் திருத்தினால் சரி. பெரிய கோப்பை அப்படியே ஏற்றாமல் சில பக்கங்களாகப் பிரித்து ஏற்றினால் வேலை துப்புரவாக நடக்கும். கணினியில் ஆர்வமுள்ளவர்களுக்கு டெசராக்ட் என்ற திறந்த மென்பொருள் உண்டு, தமிழும் தெரியும். அதை வைத்து, படத்தின் மேல் கண்ணுக்குத் தெரியாத எழுத்துப் படலம் ஒன்றைப் போர்த்திய பி.டி.எப். செய்யலாம். பார்த்தால் பழைய பக்கம் அப்படியே. தேடினால் சொல் அகப்படும். இதைவிட என்ன வேண்டும்?

ஸ்கேன் பண்ணுவதைப் பற்றி இரண்டு வார்த்தை. கடையில் பணம் கொடுத்து ஸ்கேன் எடுக்க வேண்டியதில்லை. கூகுள் டிரைவ் ஆப்பிலேயே ஸ்கேன் வசதி இருக்கிறது. பக்கத்தின் நான்கு மூலையையும் தானே கண்டுபிடித்து நேராக்கித் தரும். ஜன்னலோரத்து வெளிச்சம் போதும், பிளாஷ் வேண்டாம். பளபளப்புத் தாளில் அது வெள்ளைப் பொட்டாக விழுந்து எழுத்தை மறைக்கும். கறுப்பு வெள்ளை என்று தெரிவுசெய்தால் பென்சில் எழுத்தும் மங்கலான சீலும் காணாமல் போய்விடும். சாம்பல் நிறத்தில் எடுங்கள். கமராவில் எடுத்த படம் ஒன்று மூன்று நான்கு எம்.பி. வரும் இடத்தில் இப்படி எடுத்த பக்கம் சில நூறு கே.பி.யில் அடங்கும். அதைவிட முக்கியம், வட்ஸ்அப்பில் அனுப்பும்போது படமாக அனுப்பாதீர்கள், ஆவணம் என்ற வழியில் அனுப்புங்கள். படமாகப் போனால் வட்ஸ்அப் அதை நசுக்கிவிடும். ஆவணமாகப் போனால் அப்படியே போய்ச் சேரும்.

இந்தக் கைவேலையெல்லாம் தெரிந்த பிறகு 'நூலகம்' என்ற இணையத்தளத்துக்குள் போனேன். என்ன சொல்ல! 2005இல் தொடங்கி, இலங்கைத் தமிழ் நூல்கள், சஞ்சிகைகள், பத்திரிகைகள், மலர்கள், துண்டுப் பிரசுரங்கள் என்று லட்சத்தைத் தாண்டிய ஆவணங்களை அங்கே சேர்த்திருக்கிறார்கள். பெரும்பாலும் பி.டி.எப்.; பெரும்பாலும் இலவசம். டொமினிக் ஜீவா 1966இல் தொடங்கிப் பல பத்தாண்டுகள் நடத்திய மல்லிகை இதழ்களை இதழ் இதழாக அங்கே வாசிக்கலாம். மலையகத்துக்கென்றே ஒரு பெரிய பகுதி. அந்தனி ஜீவாவின் கொழுந்து சஞ்சிகை, சி.வி. வேலுப்பிள்ளையைப் பற்றிய எழுத்துகள், தொழிற்சங்க வெளியீடுகள். 'மாத்தளை' என்று அடித்தால் இந்த ஊரைத் தங்கள் பெயருக்கு முன்னால் சுமந்துகொண்ட எழுத்தாளர்கள் வரிசையாக வந்து நிற்கிறார்கள்: மாத்தளை சோமு, மாத்தளை வடிவேலன், மாத்தளை கார்த்திகேசு. தன் ஊர் பெயரை நூலின் அட்டையில் பார்க்கிற தோட்டத்துப் பிள்ளையின் முகத்தை நீங்கள் பார்க்க வேண்டும். "டீச்சர், இவங்க நம்ம மாத்தளையா?" என்று கேட்கும். ஆமாம் மகள், நம்ம மாத்தளைதான்!

நம் பெரியவர்களின் முன்னோர் 1820களிலிருந்து தமிழகத்திலிருந்து கடல் கடந்து வந்து, அரிப்பிலிருந்து காடு வழியாக நடந்து, தம்புள்ளை தாண்டி, இந்த மாத்தளைக்குத்தான் முதலில் மலையேறி வந்து சேர்ந்தார்கள். அந்த நடையைப் பற்றி எழுதியவை முன்பு ஆராய்ச்சியாளரின் அலுமாரியில் மட்டும் இருந்தன. 2023இல் மலையகம் 200 நினைவு நிகழ்வுகள் நடந்தபோது, எங்கள் பிள்ளைகள் பேச்சுக்கும் கண்காட்சிக்கும் வேண்டிய தகவலைத் தாங்களே பி.டி.எப்.களுக்குள் தேடி எடுத்தார்கள். பக்க இலக்கத்தோடு எடுத்தார்கள்! 'எங்கேயோ வாசித்தேன்' என்ற பேச்சே இல்லை. நூல், ஆண்டு, பக்கம். ஓர் ஆசிரியைக்கு இதைவிடச் சந்தோஷம் இருக்கிறதா?

இந்த மாவட்டத்தில் இருந்துகொண்டு ஆவணத்தைப் பற்றிப் பேசும்போது அலுவிகாரைக் குகை விகாரையைச் சொல்லாமல் விடக் கூடாது. மாத்தளையிலிருந்து தம்புள்ளை போகிற ஏ-9 வீதியில் சுமார் மூன்று கிலோமீற்றர். அதுவரை வாய்மொழியாகவே வந்த பாளித் திரிபிடகம் முதன்முதலாக ஓலையில் எழுதப்பட்டது அந்தக் குகைகளில்தான். கி.மு. முதலாம் நூற்றாண்டு, வலகம்பா மன்னன் காலம். பஞ்சமும் போரும் வந்து, மனப்பாடமாக வைத்திருந்த துறவிகள் இறந்துகொண்டிருந்தார்கள். இனி மனத்தை மட்டும் நம்ப முடியாது என்று எழுத உட்கார்ந்தார்கள். இன்றைக்கும் அங்கே போனால் எப்படி எழுதினார்கள் என்று செய்து காட்டுவார்கள். பதப்படுத்திய தாளிப்பனை ஓலையில் எழுத்தாணியால் கீறுவார்கள். கீறியது முதலில் கண்ணுக்கே தெரியாது. எண்ணெய் கலந்த கரியைத் தேய்த்துத் துடைத்ததும் எழுத்து கறுப்பாக எழும்பி வரும். நான் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போனபோது ஒருவன் சத்தமாகச் சொன்னான்: "டீச்சர், இதுவும் ஓ.சி.ஆர். மாதிரியே இருக்கு!" கண்ணுக்குத் தெரியாமல் கிடந்த எழுத்தைத் தெரிய வைக்கிற வேலை இரண்டு இடத்திலும் ஒன்றுதான். அவனை அணைத்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது.

அந்த விகாரையின் நூலகம் 1848 மாத்தளைக் கிளர்ச்சியின்போது பிரித்தானியப் படையால் அழிக்கப்பட்டது. பிரதிகள் வேறு விகாரைகளுக்கும் வேறு நாடுகளுக்கும் போயிருந்ததால் திரிபிடகம் பிழைத்தது. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் சுவடிகளும் போயின. அவற்றில் ஒரே பிரதியாக இருந்தவை திரும்பி வரவேயில்லை. ஒரு கோப்பை நான் ஐந்து பேருக்கு அனுப்பும்போதெல்லாம் இது என் மனதில் ஓடுகிறது. ஐந்து இடத்தில் இருப்பதை ஒரு தீ தின்ன முடியாது. 'நூலகம்' தளத்தார் ஏட்டுச்சுவடிகளையும் இப்போது மின்வடிவமாக்கியிருக்கிறார்கள் என்பதை அறிந்தபோது எனக்குக் கண் கலங்கியது.

பாடசாலைக்கு வெளியிலும் இதன் புண்ணியம் பெரிது. வெள்ளிக்கிழமை தோறும் வருகிற வர்த்தமானியை அரசாங்க அச்சகத் திணைக்களம் மூன்று மொழியிலும் பி.டி.எப். ஆகப் போடுகிறது. அரச வேலைக்கான விளம்பரம் முதலில் வருகிற இடம் அது. முன்பெல்லாம் யாரோ ஒருவர் சொல்லி, அவர் இன்னொருவருக்குச் சொல்லி, தோட்டத்துக்கு வந்து சேரும்போது முடிவுத் திகதி போயிருக்கும். உயர்தரம் முடித்துவிட்டு வீட்டில் இருக்கிற பெண் பிள்ளைகள் சிலருக்கு நான் இதைத்தான் சொல்லிக் கொடுத்தேன்: வெள்ளி இரவு தமிழ்ப் பிரதியை இறக்கு, 'முடிவு' என்று தேடு, வராவிட்டால் 'திகதி' என்று தேடு, உனக்குப் பொருந்துகிற விளம்பரத்தின் பக்கங்களை மட்டும் வெட்டி எடு, தகைமை எழுதியிருக்கிற வரியை மஞ்சளாக்கு. மாதிரி விண்ணப்பப் படிவமும் அந்த விளம்பரத்தின் முடிவிலேயே இருக்கும். அதையும் வெட்டித் தனியாக அச்சடிக்கலாம். யாருடைய தயவும் வேண்டாம். முடிவுத் திகதிக்கு மூன்று வாரம் முந்தியே பதிவுத் தபால் அனுப்பிவிட்டு வந்து சொன்ன பிள்ளையின் நிமிர்ந்த தோளை நான் பார்த்திருக்கிறேன்.

இணையத்தில் விண்ணப்பிக்கும்போது இன்னொரு வித்தை கைகொடுக்கும். பிறப்புச் சான்றிதழ், பெறுபேற்றுப் பத்திரம், அடையாள அட்டையின் இரண்டு பக்கம், நற்சான்றிதழ் எல்லாவற்றையும் அவர்கள் கேட்ட வரிசையிலேயே ஒரே பி.டி.எப். ஆக்கிவிடுங்கள். இரண்டு எம்.பி.க்குள் வேண்டும் என்பார்கள். சுருக்கித் தருகிற கருவிகள் இருக்கின்றன, ஆனால் சுருக்கிய பிறகு பெரிதாக்கிப் பார்த்து இலக்கங்கள் வாசிக்கத் தெரிகிறதா என்று உறுதிசெய்யுங்கள். அடையாள அட்டை இலக்கம் உள்ள கோப்பை முன்பின் தெரியாத இணையத்தளத்தில் ஏற்றாதீர்கள். அந்த வேலையைச் சொந்தக் கணினியில் செய்யுங்கள். இன்னொன்று, இலக்கத்தை மறைக்க அதன்மேல் கறுப்புப் பெட்டி வரைந்தால் போதாது. பெட்டிக்கு அடியில் எழுத்து அப்படியே இருக்கும். தேர்ந்தெடுத்துப் பிரதி எடுத்தால் வந்துவிடும். மறைத்த பக்கத்தைப் படமாக மாற்றி, அந்தப் படத்தை மறுபடி பி.டி.எப். ஆக்குங்கள். அப்போதுதான் உண்மையாக மறைந்தது.

லிப்ரே ஒபிஸ் பாவிப்பவர்களுக்கு ஒரு பொக்கிஷம் காட்டுகிறேன், பலருக்கும் தெரியாத ஒன்று. பி.டி.எப். ஆக ஏற்றுமதி செய்கிற பெட்டியில், மூலக் கோப்பையும் உள்ளே பொதிந்து வைக்கிற தெரிவு இருக்கிறது. அதில் ஒரு சரி போட்டுவிட்டால், அந்தக் கோப்பை யார் எந்தப் போனில் திறந்தாலும் சாதாரண பி.டி.எப்.; அதையே லிப்ரே ஒபிஸில் திறந்தால் திருத்தக்கூடிய மூலம்! அடுத்த வருடம் அதே வினாத்தாளில் திகதியை மட்டும் மாற்ற வேண்டுமென்றால் பழைய பென் டிரைவைத் தேடி அலைய வேண்டியதில்லை. பக்கத்திலேயே ஆவணக் காப்புக்கான பி.டி.எப்./ஏ என்ற தெரிவும் இருக்கும். 2005இல் வந்த தரம் அது; எழுத்துரு முதற்கொண்டு எல்லாவற்றையும் உள்ளே வைத்துப் பூட்டுவதால், பல பத்தாண்டு கழித்துத் திறந்தாலும் தமிழ் தமிழாகவே தெரியும். கோயில் நிருவாக சபைக் கூட்டக் குறிப்பு, மரண உதவிச் சங்கக் கணக்கு போன்றவற்றை இப்படித்தான் வைக்க வேண்டும் என்று எங்கள் ஆட்களிடம் மன்றாடிச் சம்மதிக்க வைத்திருக்கிறேன்.

கடதாசியை நான் கைவிட்டுவிட்டேன் என்று நினைக்க வேண்டாம். பி.டி.எப்.பின் பக்கம் அளவு மாறாமல் இருப்பதால் கடதாசி வேலையும் இலகுவாகிவிட்டது. அக்ரோபாட் ரீடரில் அச்சிடும்போது சிறுநூல் என்று ஒரு தெரிவு உண்டு. பதினாறு பக்கக் கோப்பை அதில் கொடுத்தால் நான்கே ஏ4 தாளில் இரண்டு பக்கமும் அடித்து, நடுவில் மடித்து இரண்டு பின் குத்தினால் கைக்கு அடக்கமான புத்தகம். எந்தப் பக்கம் எந்தத் தாளில் வர வேண்டும் என்ற கணக்கை அதுவே பார்த்துக்கொள்ளும். புலமைப்பரிசில் எழுதுகிற பிள்ளைகளுக்குப் பழமொழித் தொகுப்பு ஒன்றை இப்படி அடித்துக் கொடுத்தோம். நான்காம் தரத்துப் பிள்ளைகள் தங்களுக்கும் வேண்டும் என்று வரிசையில் நின்றார்கள்.

இப்போது என் முழு ஆசையும் மலர்கள் மேல். கோயில் கும்பாபிஷேக மலர், பாடசாலை வெள்ளிவிழா மலர், வாசகசாலை ஆண்டு மலர், தோட்டத்து நாடக மன்றத்தின் நிகழ்ச்சி நிரல். மாத்தளை, உக்குவளை, றத்தோட்டை, யட்டவத்தை, நாவுல, கலேவெல என்று இந்த மாவட்டம் முழுவதும் வீட்டு அலுமாரிகளில், சாமிப் படத்துக்குப் பின்னால், தகரப் பெட்டிகளில் இவை கிடக்கின்றன. நம் ஆட்களின் பெயரும் படமும் அச்சில் வந்த ஒரே இடம் அந்த மலர்கள்தான். ஒரு மழைக்காலம் போதும், ஒரு கறையான் போதும். உங்கள் வீட்டில் அப்படி ஒன்று இருந்தால் அருகில் உள்ள எந்தத் தமிழ் ஆசிரியரிடமாவது காட்டுங்கள். பின்னைக் கழற்ற வேண்டாம், அட்டையைப் பிரிக்க வேண்டாம். ஜன்னலோரத்தில் வைத்துப் பக்கம் பக்கமாக எடுத்து, தேடக்கூடியதாக்கி, ஒரு பிரதி உங்கள் போனுக்கு, ஒன்று பாடசாலைக்கு, ஒன்று 'நூலகம்' தளத்துக்கு அனுப்பிவிட்டு, மலரை அன்றைக்கே உங்கள் கையில் திருப்பித் தந்துவிடலாம். அட்டை கிழிந்திருந்தாலும் பரவாயில்லை, கொண்டுவாருங்கள்.